பாவேந்தர் வழிதவறிச் சினிமாவுக்குப் போகவில்லை

பாவேந்தர் பாரதிதாசனின் திரைப்பணி 1937-இல் 'பாலாமணி அல்லது பக்காத் திருடன்' படத்துக்குப் பாட்டெழுதியதில் தொடங்குகிறது. 1938-இல் 'ஸ்ரீ ராமானுஜர்' படத்துக்கும் பாட்டெழுதினார். 1940-இல் 'கவி காளமேகம்' வந்தது; பாட்டோடு வசனமும் அவருடையது. 1940-களின் நடுவே 'சுபத்ரா', 'சுலோசனா' படங்களும், 1947-இல் 'ஆயிரம் தலைவாங்கி அபூர்வ சிந்தாமணி'யும், 1950-இல் 'பொன்முடி'யும், 1952-இல் 'வளையாபதி'யும் வெளிவந்தன. 1961-இல் அவர் சொந்தப் படக் கம்பெனி தொடங்கினார். 1964 ஏப்ரல் 21-இல் சென்னையில் உயிர் பிரிந்தபோதும் திரைக்கதை வேலை கையில் இருந்தது. ஒரு மனிதர் இருபத்தேழு ஆண்டுகள் விட்டுவிட்டும் விடாமலும் செய்த வேலை இது.

இந்த இருபத்தேழு ஆண்டுகளைப் பற்றி நிலவும் கருத்து மிகச் சுருக்கமானது. கவிஞர் பணத்துக்காகச் சினிமாவுக்குப் போனார்; பகுத்தறிவாளராக இருந்தும் புராணப் படங்களுக்கு எழுதினார்; படங்கள் ஓடவில்லை; கடைசிக் காலத்தில் படம் எடுக்கப் போய்க் கைப்பொருளை இழந்தார்; ஆகவே அவருடைய பெருமைக்கும் சினிமாவுக்கும் தொடர்பில்லை. விழா மேடைகளில் இப்படித்தான் பேசுகிறார்கள். பாடநூல்களில் இந்தப் பகுதியே இருப்பதில்லை. ஒரு வரி இருந்தால், 'திரைப்படங்களுக்கும் பாடல் எழுதியுள்ளார்' என்பதோடு முடிந்துவிடும்.

இந்தக் கருத்து வேரூன்றியிருப்பது பாவேந்தரின் சொந்த மண்ணான புதுவையிலேயே என்பதுதான் வருத்தம் தருவது. பிரெஞ்சு அரசின் பள்ளி ஆசிரியராக 1909 முதல் 1946 வரை வேலை பார்த்தவர் அவர். வில்லியனூரில் பிறந்து பாகூர்ப் பக்கம் சேலியமேட்டில் வாழ்ந்த கவிஞர் வாணிதாசன் அவரிடம் பயின்றவர். அந்த ஆசிரியர் மாணவர் தொடர்பை வில்லியனூர், பாகூர்க் கொம்யூன்களின் ஊர்கள் இன்றும் பெருமையோடு நினைக்கின்றன. ஆனால் ஏப்ரல் 29 பிறந்தநாள் வந்தால் பேசப்படுவது அவருடைய தமிழ்ப்பற்று, சாதி எதிர்ப்பு, பெண் விடுதலை ஆகியவைதான். அவர் வசனம் எழுதிய படங்களின் பெயர்களைக்கூட எவரும் முழுதாகச் சொல்வதில்லை. பாவேந்தரை இப்படி ஒருபாதியாகப் பார்ப்பது அவருடைய கவிதையையே தவறாகப் படிக்க வைக்கிறது.

முதலில் புராணப் படங்கள் பற்றிய குற்றச்சாட்டு. 1930-களிலும் 40-களிலும் தமிழ்ப் படக் கதையைத் தேர்ந்தெடுத்தவர் எழுத்தாளர் அல்லர், முதலாளி. சேலத்தில் 1935-இல் டி.ஆர். சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் ஓர் ஆலையைப் போல நேரம் தவறாமல் நடந்த ஸ்டுடியோ. நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தது. எந்தக் கதைக்குக் கூட்டம் வரும் என்பது அங்கே கணக்குப் பார்த்து முடிவாகும். அந்தக் கூட்டம் எங்கிருந்து வந்தது என்பதையும் பார்க்க வேண்டும். வில்லியனூர், பாகூர் போன்ற ஊர்களில் திரௌபதி அம்மன் கோயில் திடலில் இரவெல்லாம் கூத்துப் பார்த்து வளர்ந்த மக்களுக்கு அர்ச்சுனன் சுபத்திரையை மணந்த கதையும் இந்திரசித்தன் மாண்ட கதையும் தெரிந்த கதைகள். தெரிந்த கதையைத் திரையில் காட்டினால் டென்ட் கொட்டகையின் தரை டிக்கெட்டும் நிரம்பும். ஸ்டுடியோவின் கணக்கு அது. எழுத்தாளர் அந்தக் கதைக்குள் என்ன செய்தார் என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

பாரதிதாசன் புராணத்தைக் கண்டு ஓடியவர் அல்லர். அதைத் தலைகீழாகத் திருப்பியவர். 1934-இல் அவருடைய 'இரணியன் அல்லது இணையற்ற வீரன்' நாடகம் பெரியார் தலைமையில் அரங்கேறியது. கூத்துகளில் தூணிலிருந்து வரும் நரசிம்மரின் கையில் மாளும் இரணியன், அந்த நாடகத்தில் வஞ்சகத்தால் வீழ்த்தப்பட்ட வீரன் ஆனான். இதை எழுதிய கைக்குப் பன்னிரண்டு ஆண்டுகளுக்குள் 'சுலோசனா' வந்து சேர்ந்தது தற்செயலாகவே இருக்கட்டும். சுலோசனா யார்? இலங்கைப் பக்கத்துப் பெண், இந்திரசித்தனின் மனைவி. போரில் தோற்ற தரப்பின் வீட்டுக்குள் நடக்கும் துயரத்தைச் சொல்லும் கதை அது. இராமனைப் பாடுவதற்காக எழுதப்பட்ட கதை அன்று. 'ஸ்ரீ ராமானுஜர்' படத்தை எடுத்துக்கொண்டாலும் இதே நிலைதான். வ.ரா. வசனம் எழுதிய அந்தப் படத்தின் நாயகர், மறைத்து வைக்கச் சொன்ன மந்திரத்தைக் கோபுரத்தின் மேலேறி எல்லாருக்கும் சொன்னவர் என்று மரபு போற்றும் ஆசாரியர். சுயமரியாதைக் கவிஞர் அந்தப் படத்துக்குப் பாட்டெழுதியதில் கொள்கைக்கு என்ன பங்கம் வந்தது? 1926-இல் மயிலம் முருகன் மேல் துதியமுது பாடியவர் சில ஆண்டுகளிலேயே வேறு மனிதராக மாறினார். பழைய கதைகளின் மொழியை மட்டும் கைவிடவில்லை. அந்த மொழி தெரியாமல் அந்தக் கதைகளை எதிர்த்து எழுதவும் முடியாது.

படங்கள் ஓடவில்லை என்பது அரை உண்மை. 'கவி காளமேகம்' சரியாகப் போகவில்லை. நாதசுவரச் சக்கரவர்த்தி டி.என். ராஜரத்தினம் பிள்ளையை நாயகனாக நிறுத்தி எடுத்த படம் அது. அவருடைய வாசிப்பைக் கேட்க வந்தவர்களுக்கு அவருடைய நடிப்பு போதவில்லை. 'வளையாபதி'யும் எதிர்பார்த்த அளவுக்கு ஓடவில்லை. ஆனால் 'அபூர்வ சிந்தாமணி' நன்றாக ஓடிய படம். இந்தப் படத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டும், ஏனென்றால் வசனகர்த்தாவின் திறமை எங்கே வேண்டும் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் கதை குறைவு. தேர்த் திருவிழாக் கடைகளில் விற்ற பெரிய எழுத்துக் கதைப் புத்தக வகையைச் சேர்ந்தது இந்தக் கதை. மாந்திரிக குரு ஒருவனின் பிடியில் இருக்கும் இளவரசி தன்னை மணக்க வருகிறவர்களிடம் கேள்வி கேட்கிறாள். விடை தெரியாதவன் தலை போகும். ஆயிரம் தலை என்பது அந்தக் கணக்கு. கேள்வி, விடை, தலை என்பதுதான் முழுக் கதையும். வாள்சண்டையும் மாயமும் எவ்வளவு இருந்தாலும், பேச்சு சப்பென்று இருந்தால் இந்தப் படம் நிற்காது. இளவரசியின் கேள்வியில் கூர்மையும் நாயகன் விடையில் அதைவிடக் கூர்மையும் இருந்தாக வேண்டும். பள்ளிக்கூடத்தில் முப்பத்தேழு ஆண்டுகள் கேள்வி கேட்டே வாழ்ந்த ஆசிரியரிடம் ஸ்டுடியோ இந்தக் கதையைக் கொடுத்தது சரியான தேர்வு. ஒரு பெண்ணின் அறிவைப் போலிக் குரு ஒருவன் கொலைக் கருவியாக்குகிறான் என்ற கருவில் பாவேந்தரின் கொள்கைக்கு விரோதமாக ஒன்றும் இல்லை; அவர் மேடையில் பேசியதும் அதைத்தான்.

இன்னொரு கருத்து இதைவிடப் பரவலானது: தமிழ்ப் படத்தில் இலக்கியத் தமிழ் வசனம் திராவிட இயக்கத்தாரோடு, குறிப்பாக 1952-இன் 'பராசக்தி'யோடு, வந்தது, பாரதிதாசன் அதில் ஓரத்தில் நின்றவர். ஆண்டுகளை வரிசையில் வைத்தாலே இது நிற்காது. இளங்கோவன் 1937-இல் 'அம்பிகாபதி'க்கும் 1942-இல் 'கண்ணகி'க்கும் எழுதிய வசனங்கள்தாம் படத் தமிழை நாடகக் கொச்சையிலிருந்தும் வடமொழிக் கலப்பிலிருந்தும் மீட்டன. அந்தப் புகழ் இளங்கோவனுக்கு உரியது; பாரதிதாசனுக்காக அதைப் பறிக்க வேண்டியதில்லை. ஆனால் இளங்கோவனுக்கும் மு. கருணாநிதிக்கும் இடையில் வெற்றிடம் இருக்கவில்லை. மாடர்ன் தியேட்டர்ஸில் 1950-ஆம் ஆண்டில் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கத்தில் இரண்டு படங்கள் வந்தன. பொங்கலுக்கு வந்த 'பொன்முடி'க்கு பாரதிதாசன் வசனம். அதே ஆண்டின் நடுவில் வந்த 'மந்திரிகுமாரி'க்கு கருணாநிதி வசனம். ஒரே முதலாளி, ஒரே இயக்குநர், ஒரே ஆண்டு. தமிழ் தெரியாத அமெரிக்கரான டங்கன் காட்சியை அமைப்பார். அந்தக் காட்சியில் பேசப்படும் தமிழின் முழுப் பொறுப்பும் எழுதியவர் தலையில் இருந்தது. 'மந்திரிகுமாரி' பெரிய வெற்றி பெற்றதால் 'பொன்முடி' மறைந்துபோனது. வெற்றியின் நிழல் விழுந்த இடத்தில் எதுவுமே இல்லை என்று எழுதுவது வரலாறு ஆகாது.

இதில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. 'கண்ணகி' சிலப்பதிகாரத்திலிருந்து வந்தது. 'மந்திரிகுமாரி' குண்டலகேசியிலிருந்து கருவை எடுத்துக்கொண்டது. பாரதிதாசனுக்கு வந்தது வளையாபதி. ஐம்பெருங்காப்பியங்களில் வளையாபதியும் குண்டலகேசியும் முழுமையாகக் கிடைக்காதவை. வளையாபதியில் எஞ்சியவை எழுபத்திரண்டு பாடல்களே. கதை என்ன என்பதற்குப் பிற்காலத்தில் எழுந்த வணிகர் புராணக் குறிப்புகளைத்தான் நம்ப வேண்டியுள்ளது. காணாமற்போன காப்பியத்துக்கு உடலும் பேச்சும் கொடுக்கும் வேலையை ஒரு ஸ்டுடியோ ஒரு கவிஞரிடம் ஒப்படைத்தது. படம் ஓடியதா இல்லையா என்பதோடு இந்த முயற்சியின் மதிப்பை முடித்துவிடுகிறவர்கள், வேறெந்த நூலுக்கும் அந்த அளவுகோலைப் பயன்படுத்துவதில்லை. விற்காத கவிதைத் தொகுதியை எந்த விமர்சகரும் அந்தக் காரணத்துக்காகத் தள்ளுவதில்லை.

பாவேந்தரின் படத்தமிழ் மேடைத் தமிழாக இருந்தது, பாத்திரங்கள் ஒரே நடையில் பேசின என்ற குறை இன்றும் சொல்லப்படுகிறது. இது நியாயமான குறை. செந்தமிழில் நீண்டு போகும் வாக்கியங்கள் இன்றைய காதுக்கு நாடகமாகத்தான் ஒலிக்கும். ஆனால் அது அந்தக் காலத்துப் படங்கள் அனைத்துக்கும் உள்ள குறை. 'பராசக்தி'யின் நீதிமன்றக் காட்சிக்குக் கருணாநிதி எழுதிய வசனத்தில் அதையே சிறப்பாகப் போற்றிவிட்டு, பாரதிதாசனிடம் மட்டும் குற்றமாக எண்ணுவது நேர்மையான அளவை அன்று.

பாட்டைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். திரையில் பாரதிதாசன் என்றால் பலருக்கும் நினைவு வருவது 1951-இன் 'ஓர் இரவு' படத்தில் தண்டபாணி தேசிகரின் மெட்டில் ஒலித்த பாட்டு. அது படத்துக்காக எழுதியது அன்று, ஏற்கெனவே இருந்த கவிதை. 1965-இன் 'கலங்கரை விளக்கம்', 1966-இன் 'சந்திரோதயம்' படங்களில் வந்த பாட்டுகளும் அப்படியே. அவை வந்தபோது கவிஞர் உயிரோடு இல்லை. இந்தப் பாட்டுகள் இனியவை, மக்கள் நாவில் நிற்பவை. ஆனால் அவற்றைக் காட்டி 'இதுவே அவருடைய திரைப்பங்கு' என்று முடிப்பது, ஸ்டுடியோவில் உட்கார்ந்து காட்சிக்குக் காட்சி எழுதிய மனிதரை மறைத்துவிடுகிறது.

திரைக்கதை எழுதும் மனம் அவருடைய கவிதையிலேயே இருந்தது என்பதற்குச் சான்று வெளியில் தேட வேண்டியதில்லை. 'சஞ்சீவி பர்வதத்தின் சாரல்' 1930-இல் வந்தது. தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' திரைக்கு வந்தது 1931 அக்டோபர் 31. பேசும்படம் வருவதற்கு முந்திய அந்தக் கவிதையின் கதை முழுவதும் ஒலியால் நகர்கிறது. மலைச்சாரலில் குப்பனும் வஞ்சியும் நிற்கிறார்கள். அங்கே இரண்டு மூலிகைகள் உண்டு. ஒன்றைத் தின்றால் உலகத்தார் பேசுவதெல்லாம் காதில் விழும். மற்றதைத் தின்றால் உலகக் காட்சியெல்லாம் இருந்த இடத்திலிருந்தே கண்ணில் படும். குப்பன் தயங்க, வஞ்சி விடாப்பிடியாகக் கேட்டு அவனை மலையேற வைக்கிறாள். மூலிகையைத் தின்றதும் அயல்நாட்டார் பேச்சு வருகிறது. ஒரு நாட்டுக் குரல் ஓய்ந்து அடுத்த நாட்டுக் குரல் எழுகிறது. பிறகு தமிழ்நாட்டில் ஒரு பாகவதர் இராமாயணக் கதை சொல்லும் குரல்; அனுமான் சஞ்சீவி மலையைப் பெயர்த்துத் தூக்கும் கட்டம். பேசுகிறவர் யார், எங்கிருந்து பேசுகிறார் என்று தெரியாமல் குரலை மட்டும் கேட்கும் குப்பன், தாங்கள் நிற்கும் மலையையே யாரோ தூக்கப் போகிறார்கள் என்று வெலவெலத்துப் போகிறான். அது வெறும் கதை என்று வஞ்சிதான் அவனைத் தேற்றுகிறாள்.

குரலை உடலிலிருந்து பிரித்து, தவறான காட்சியோடு ஒட்டி, அதில் சிரிப்பையும் அச்சத்தையும் ஒன்றாக எழுப்புவது படத்தொகுப்பின் வேலை. தமிழில் பேசும்படமே இல்லாத காலத்தில் ஒரு பள்ளி ஆசிரியர் இதைச் செய்திருக்கிறார். மூடநம்பிக்கையைக் கண்டித்த கவிதை என்று மட்டும் இதைப் பாடமாக நடத்துகிறவர்கள், அந்தக் கண்டனம் எந்த உத்தியால் மனத்தில் தைக்கிறது என்பதைச் சொல்வதில்லை. 1938-இன் 'எதிர்பாராத முத்தம்' இதே மனத்தின் இன்னொரு வேலை: பகைகொண்ட இரு வணிகக் குடும்பங்கள், பிரிக்கப்பட்ட காதலர், வடக்கு நோக்கிய நெடும்பயணம், கொலைக்களத்தில் சந்திப்பு. காட்சி காட்சியாக, பேச்சுப் பேச்சாக நகரும் இந்தக் காவியம்தான் 'பொன்முடி' ஆயிற்று. மேலிருந்து திணித்த சினிமாக் கதை அன்று அது. கவிஞரின் சொந்தச் சரக்கு.

பணத்துக்காகப் போனார் என்ற குற்றச்சாட்டுக்கு வருவோம். போனார். ஆசிரியர் சம்பளத்தில் குடும்பம் நடத்தியவர், பத்திரிகை நடத்திக் கைப்பணத்தைக் கரைத்தவர், 1946 ஜூலையில் நண்பர்கள் திரட்டி 25,000 ரூபாய்ப் பொற்கிழி கொடுக்க வேண்டிய நிலையில் இருந்தவர், கூலிக்கு எழுதியதில் இழிவு எதுவும் இல்லை. ஆனால் பணம் மட்டுமே குறியாக இருந்திருந்தால், 'வளையாபதி' வசனத்தை மாற்றியதற்காக ஸ்டுடியோவோடு முறித்துக்கொண்டார் என்று அவரைப் பற்றிய நூல்களில் சொல்லப்படும் செய்திக்கு இடமே இருந்திருக்காது. பணத்துக்கு எழுதுகிறவன் மாற்றலைப் பொருட்படுத்த மாட்டான்.

1961-இல் பாவேந்தர் சென்னையில் குடியேறி 'பாரதிதாசன் பிக்சர்ஸ்' தொடங்கியதை இந்தப் பின்னணியில்தான் பார்க்க வேண்டும். தன் 'பாண்டியன் பரிசு' காவியத்தைப் படமாக்க முனைந்தார். படம் முடியவில்லை. முதுமையில் வந்த பட ஆசை என்று இதை அனுதாபத்தோடு ஒதுக்குவது வழக்கம். அதே காலத்தில் ஜப்பானில் என்ன நடந்தது என்று பார்த்தால் இந்த அனுதாபம் எவ்வளவு தவறானது என்பது விளங்கும். ஹிரோஷிமாவில் 1912-இல் பிறந்து 2012-இல் நூறு வயதில் இறந்த கானேதோ ஷிண்டோ, இருநூறுக்கும் மேற்பட்ட திரைக்கதைகள் எழுதியவர். பெரிய ஸ்டுடியோவுக்கு எழுதிக்கொண்டிருந்த அவர், தன் எழுத்தைத் தன் விருப்பப்படி படமாக்க 1950-இல் நண்பர்களோடு வெளியேறிச் சொந்தக் கம்பெனி அமைத்தார். பத்தாண்டில் கம்பெனி மூடும் நிலைக்கு வந்தது. மிகக் குறைந்த செலவில், பேச்சே ஏறக்குறைய இல்லாமல் எடுத்த 'நிர்வாணத் தீவு' 1961-இல் மாஸ்கோ விழாவில் பெரும்பரிசு பெற்றுக் கம்பெனியைக் காப்பாற்றியது. ஷிண்டோவின் முயற்சியைத் துணிவு என்கிறது உலகம். அதே ஆண்டில் அதே காரணத்துக்காக எழுபது வயதில் புதுவைக் கவிஞர் எடுத்த முயற்சி மட்டும் எப்படிப் பேதைமை ஆகும்? பரிசு கிடைத்ததும் கிடைக்காததும்தான் வேறுபாடு. எழுதியவனுக்குத் தன் எழுத்தின் மேல் உரிமை வேண்டும் என்ற நோக்கம் இருவருக்கும் ஒன்றே.

ஷிண்டோ தன் ஆசானான இயக்குநர் மிசோகுச்சியின் வாழ்வை 1975-இல் ஆவணப்படமாக எடுத்தார். பாரதிதாசன் கடைசி ஆண்டுகளில் தன் ஆசான் பாரதியாரின் வாழ்வைத் திரைக்கதையாக எழுதினார். புதுவைத் தெருக்களில் பாரதியாரோடு நடந்தவர், பேச்சைக் கேட்டவர், பெயரையே அவருக்குத் தாசனாக மாற்றிக்கொண்டவர் எழுதிய திரைக்கதைக்கு ஈடான சாட்சியம் வேறு எவரிடமும் இருந்திருக்க முடியாது.

இந்த இடத்தில் அவருடைய திரைப்பணியை இணைக்கும் இழை தெரிகிறது. 1940-இல் படத்துக்கு எழுதிய காளமேகம் ஒரு கவிஞன். 1937-இன் 'புரட்சிக்கவி'யின் நாயகன் உதாரன், அரசனின் தண்டனைக்கு எதிரே நின்று மக்களிடம் பேசும் கவிஞன். இறந்தபின் சாகித்திய அகாதமி விருது பெற்ற 'பிசிராந்தையார்' நாடகத்தின் நாயகரும் புலவர். கடைசித் திரைக்கதையின் நாயகர் பாரதியார். அரசனுக்கும் பணத்துக்கும் எதிரில் கவிஞனின் சொல்லுக்கு என்ன மதிப்பு என்ற கேள்வியை அவர் கவிதையிலும் நாடகத்திலும் திரையிலும் மாறி மாறிக் கேட்டிருக்கிறார். ஒரே கேள்வியை மூன்று வடிவங்களில் கேட்டவரிடமிருந்து ஒரு வடிவத்தை மட்டும் பிரித்து, அது வயிற்றுப் பிழைப்பு என்று ஒதுக்க முடியாது.

எண்ணிக்கையைக் காட்டி ஒதுக்குகிறவர்களும் உண்டு. ஆரூர்தாஸ் நூற்றுக்கணக்கான படங்களுக்கும் கருணாநிதி எழுபதுக்கும் மேற்பட்ட படங்களுக்கும் எழுதியிருக்க, பத்துக்கும் குறைவான படங்களில் பங்கேற்றவரைத் திரை எழுத்தாளர் என்பது மிகை என்பது இவர்கள் வாதம். இளங்கோவனின் படங்களும் எண்ணிக்கையில் குறைவே. அதற்காக அவரை எவரும் வரிசையிலிருந்து எடுப்பதில்லை.

ஜப்பானில் திரைக்கதைகளைச் சினிமா இதழ்களில் அச்சிட்டுப் படிக்கும் வழக்கம் நெடுங்காலமாக உண்டு. எழுதியவரின் பெயர் நிலைத்ததற்கு அது முக்கியக் காரணம். தமிழிலும் கொட்டகை வாசலில் பாட்டுப் புத்தகம் விற்றது, 'பராசக்தி' கதை வசனம் புத்தகமாக வீடு வீடாகப் போனது. பாவேந்தருக்கும் அது கிடைக்க வேண்டும். புதுவை அரசு அவருடைய படங்களின் வசனங்களையும் பாரதியார் திரைக்கதையையும் ஒரே தொகுதியாக மலிவு விலையில் பதிப்பித்து, வில்லியனூர், பாகூர் உள்ளிட்ட எல்லாக் கொம்யூன் நூலகங்களிலும் அரசுப் பள்ளிகளிலும் வைக்க வேண்டும். தமிழாசிரியர்கள் அடுத்த பிறந்தநாள் விழாவில் மேடைப் பேச்சோடு நிறுத்தாமல் 'பொன்முடி'யை மாணவர்களுக்குத் திரையிட்டுக் காட்டி, 'எதிர்பாராத முத்த'த்தைப் பக்கத்தில் வைத்துப் படிக்கச் சொல்ல வேண்டும்.